யாழ்ப்பாணக் குடாநாட்டுச் சுண்ணாம்புக்கல்லில் நுண்ணங்கிகளின் பங்கு எவ்வளவு?

புன்னாலை ஆசிரியை எழுதியது:

உயர்தர வகுப்பில் வானிலையாலழிதலைக் கற்பிக்கும்போது மழையும் வெப்பமும் காற்றும் கல்லைச் சிதைக்கின்றன என்று சொல்லிவிட்டு அடுத்த பாடத்துக்குப் போகின்றோம். உயிரியல் வகுப்பில் பற்றீரியாக்கள் நோயோடும் தயிரோடும் நின்றுவிடுகின்றன. கேத்தலின் அடியில் வெள்ளையாகப் படிகின்ற சுண்ணாம்பு நிலத்தடியில் கல்லாக இருந்ததுதான் என்றால், அதைக் கரைத்து நீரில் சேர்த்ததில் உயிரினங்களுக்கும் பங்கு உண்டா என்று ஒரு மாணவி கேட்டாள். மழைநீரில் கரைந்த காபனீரொட்சைட்டு என்ற வழமையான விடையைச் சொன்னேன். ஆனால் அந்த விடை முழுமையானதாக எனக்கே தோன்றவில்லை. நமது சுண்ணாம்புக்கல் உருவானதிலும், இன்று கரைவதிலும், கிணற்று நீரின் தன்மையிலும் நுண்ணங்கிகள் எந்த அளவுக்குச் சம்பந்தப்படுகின்றன என்பதை அறிந்தவர்கள் விரிவாக எழுத வேண்டுகிறேன்.

கல்லும்நீரும் எழுதியது:

வணக்கம் ஆசிரியை அவர்களே. உருவாக்கத்திலிருந்தே தொடங்குகிறேன்.

நமது மண்ணுக்குக் கீழே கிடப்பது மயோசீன் காலச் சுண்ணாம்புக்கல். மயோசீன் என்பது ஏறத்தாழ 2 கோடியே 30 இலட்சம் ஆண்டுகளுக்கு முன் தொடங்கி 53 இலட்சம் ஆண்டுகளுக்கு முன் முடிந்த காலம். அப்போது இங்கிருந்த ஆழமற்ற கடலின் அடியில் படிந்த சுண்ணாம்பே இந்தக் கல். புதிதாக உடைத்த முகத்தைக் கைவில்லையால் பார்த்தால் சிப்பித் துண்டுகளுக்கும் முருகைத் துண்டுகளுக்கும் இடையே போரமினிபெரா என்னும் ஒருகல உயிரிகளின் ஓடுகளும் தென்படும். ஆகவே மாணவியின் கேள்விக்கு முதல் விடை, கல்லின் ஒரு பகுதியே நுண்ணுயிரிகளின் ஓடு என்பதாகும். முருகைகள்கூடத் தம் உடலுக்குள் ஒருகல அல்காக்களை வைத்திருக்கின்றன. அவை பகலில் ஒளித்தொகுப்புச் செய்யும்போதுதான் முருகை விரைவாகச் சுண்ணாம்பைப் படியவிடுகிறது.

இதைவிட ஆழமாகப் போவதற்கு ஒரு விதியை மனத்தில் கொள்ள வேண்டும். இரசாயன ரீதியாக நடக்க முடியாத ஒன்றை எந்த நுண்ணங்கியாலும் நடத்திவிட முடியாது. மெதுவாக நடக்கக்கூடிய ஒரு தாக்கத்தை அது விரைவாக்குகிறது. எந்த இடத்தில், எந்த ஆழத்தில், எந்த மேற்பரப்பில் நடக்க வேண்டும் என்பதையும் தன் வாழிடத்தால் தீர்மானிக்கிறது. சுரங்கங்களிலிருந்து வடியும் அமில நீரிலிருந்து கோல்மரும் ஹிங்கிளும் 1947 இல் பிரித்தெடுத்த பற்றீரியா இதற்கு நல்ல எடுத்துக்காட்டு. அமில நீரில் கரைந்துள்ள இரும்பு தானாக ஒட்சியேறுவது மிக மந்தமானது. இத்தகைய பற்றீரியாக்கள் அதைப் பத்து இலட்சம் மடங்கு வரை விரைவுபடுத்த முடியும் என்று சிங்கரும் ஸ்ரம்மும் 1970 இல் காட்டினார்கள். பத்து இலட்சம் மடங்கு என்பது புவிச்சரிதவியலில் சிறிய வேறுபாடு அன்று. ஒரு மலையடிவாரம் பல தலைமுறைகளுக்கு அப்படியே இருப்பதற்கும், ஒரு மனித வாழ்நாளுக்குள் அதன் ஆறு செந்நிறமாவதற்கும் உள்ள வேறுபாடு அது.

இன்னொரு வகையும் உண்டு. சில பற்றீரியாக்கள் தம் கலத்துக்குள்ளேயே, தமக்கு வேண்டிய அளவிலும் வடிவிலும், மக்னற்றைற்று என்னும் காந்த இரும்பு ஒட்சைட்டுப் பளிங்குகளை ஆக்கி வரிசையாக அடுக்கி வைத்துக்கொண்டு புவியின் காந்தப்புலத்தின் திசையில் நீந்துகின்றன. பிளேக்மோர் 1975 இல் இவற்றை விவரித்தார். முதல் வகையில் கனியம் ஒரு பக்கவிளைவு. இரண்டாம் வகையில் அது அந்த உயிரியின் உறுப்பு. இவ்விரண்டையும் பிரித்தறியாமல் பேசினால் விவாதம் குழம்பும்.

உலக அளவில் பார்த்தால், ஏறத்தாழ 240 கோடி ஆண்டுகளுக்கு முன் சயனோபற்றீரியாக்கள் வெளியிட்ட ஒட்சிசன் வளிமண்டலத்தில் சேரத் தொடங்கியதுதான் மிகப் பெரிய திருப்பம். அதுவரை இருக்க முடியாத எத்தனையோ ஒட்சைட்டுகளும் ஐதரொட்சைட்டுகளும் அதன்பின் பிறந்தன. இன்று அறியப்பட்ட கனிய வகைகளில் மூன்றில் இரண்டு பங்கு நேரடியாகவோ மறைமுகமாகவோ உயிரின் விளைவு என்று ரொபேட் ஹேசனும் அவரது குழுவினரும் 2008 இல் மதிப்பிட்டார்கள். நம் வீட்டு முற்றத்துச் செம்பாட்டு மண்ணின் நிறமும் ஒட்சியேறிய இரும்பின் நிறம்தான்.

ஆனையிறவுத் தரவை எழுதியது:

உப்பளத்தோடு தொடர்புள்ளவன் என்ற முறையில் ஒன்றைச் சேர்க்கிறேன். கடல்நீரைப் பாத்திகளில் விட்டு ஆவியாக்கும்போது முதலில் கல்சியம் காபனேற்றும், பிறகு ஜிப்சமும், கடைசியில்தான் உப்பும் படிகின்றன. இது வெறும் கரைதிறனின் ஒழுங்கு. ஆனால் உப்பு குறைவாகவுள்ள முதற்பாத்திகளின் அடியில் சயனோபற்றீரியாக்கள் தோல்போன்ற பாயாகப் படர்கின்றன. அந்தப் பாய் மண்ணின் துளைகளை அடைத்துவிடுவதால் நீர் கீழே கசிந்து வீணாவது குறைகிறது. உப்பு விளையும் பாத்திகளில் வாழும் செந்நிற நுண்ணங்கிகள் வெயிலை உறிஞ்சி நீரைச் சூடாக்குவதால் ஆவியாதல் கூடுகிறது. சில சயனோபற்றீரியாக்கள் மிகுந்துவிட்டால் நீர் வழுவழுப்பாகி, உப்புப் பளிங்கு சிறுத்துத் தரம் கெடும். ஆகவே உப்பு விளைவிப்பவருக்கு இந்த உயிரிகள் வேண்டியவையும் ஆகும், அளவோடு வேண்டியவையும் ஆகும்.

அவுஸ்திரேலியாவின் சார்க் குடாவில் கல்தூண்களாக எழுந்து நிற்கும் ஸ்ரொமற்றொலைற்றுகளும் இதே வகையான பாய்களின் வேலைதான். அங்குள்ள நீர் கடல்நீரைப் போல ஏறத்தாழ இருமடங்கு உவர்ப்பானது. மேய்ந்து தின்னும் நத்தைகள் அங்கே பெருக முடிவதில்லை என்பதால் பாய் அழியாமல் அடுக்கடுக்காகக் கல்லாகிறது.

உரைகல் எழுதியது:

மேலே எழுதப்பட்டவற்றோடு எனக்குப் பெரும்பாலும் உடன்பாடே. ஆயினும் இந்தத் துறையில் உற்சாகம் சான்றை முந்திச் செல்லும் ஆபத்து உண்டு என்பதை இங்கே பதிவுசெய்ய வேண்டும்.

கிரீன்லாந்தின் இசுவாப் பகுதியில் 370 கோடி ஆண்டுப் பழமையான ஸ்ரொமற்றொலைற்றுகள் கிடைத்தன என்று 2016 இல் அறிவிக்கப்பட்டது. இரண்டு ஆண்டுகள் கழித்து வேறொரு குழு அதே பாறையை முப்பரிமாணத்தில் ஆராய்ந்து, அந்தக் கூம்புகள் பாறை நசுங்கி மடிந்ததால் உண்டான வடிவங்கள் என்று வாதிட்டது. வடிவம் மட்டும் ஒருபோதும் போதிய சான்றாகாது.

தொலமைற்று என்னும் கல்சியம்-மகனீசியம் காபனேற்றுக் கனியம் இன்னொரு பாடம். பழைய பாறைகளில் மலைமலையாகக் கிடக்கும் இந்தக் கனியம் இன்றைய கடலில் ஏன் அரிதாக இருக்கிறது என்பது இரு நூற்றாண்டுப் புதிர். பிரேசிலின் லகோவா வெர்மெல்யா என்னும் உவர்நீரேரியில் சல்பேற்றைத் தாழ்த்தும் பற்றீரியாக்கள் இருக்குமிடத்தில் தொலமைற்று உருவாகிறது என்று வாஸ்கொன்செலோசும் மக்கென்சியும் 1995 இல் வெளியிட்டபோது புதிர் அவிழ்ந்துவிட்டது என்றே பலர் எண்ணினார்கள். ஆனால் 2023 இல் மிச்சிகன், ஹொக்கைடோ பல்கலைக்கழக ஆய்வாளர்கள், பளிங்கின் மேற்பரப்பில் ஒழுங்கற்றுப் படிந்த அணுக்கள் மீண்டும் மீண்டும் கரைந்து நீங்கினால் உயிரின் உதவி இல்லாமலே தொலமைற்று வளர்கிறது என்று காட்டினார்கள். ஒன்று மற்றொன்றைப் பொய்யாக்கவில்லை. ஆனால் ஒரே கனியத்துக்குப் பல வழிகள் இருக்கும்போது, இந்தப் பாறையில் எந்த வழி என்பதை ஒவ்வொரு முறையும் தனித்தனியே நிறுவ வேண்டியிருக்கிறது. நமது கிணற்று நீரின் வன்மைக்கும் (கடினத்தன்மைக்கும்) இதே கண்டிப்பு வேண்டும். மழைநீரும் காபனீரொட்சைட்டும் போதுமான விளக்கமாக இருக்கும்போது பற்றீரியாவை ஏன் அழைக்க வேண்டும்?

கல்லும்நீரும் எழுதியது:

உரைகல் ஐயா கேட்பது நியாயமான கேள்வி. அதற்கு இரண்டு விடைகள் உள்ளன.

முதலாவது, அந்தக் காபனீரொட்சைட்டு எங்கிருந்து வருகிறது என்பது. வளிமண்டலத்திலிருந்து மழை கொண்டுவரும் அளவு மிகக் குறைவு. மண்ணுக்குள் வேர்களும் நுண்ணங்கிகளும் சுவாசிப்பதால் மண்காற்றில் அதன் செறிவு வெளிக்காற்றைவிடப் பல பத்து மடங்கு உயர்கிறது. மழைநீர் அந்த மண்ணினூடாக இறங்கும்போதுதான் கல்லைக் கரைக்கும் வலுவைப் பெறுகிறது. பாடநூல் சொல்லும் காபோனிக்கமிலத்தில் பெரும்பங்கு உயிரின் மூச்சுதான்.

இரண்டாவது, உயிரின் பங்கைச் சோதித்தறிய வழி இருக்கிறது. சல்பேற்றைத் தாழ்த்தும் பற்றீரியாக்கள் கந்தகத்தின் எடை குறைந்த அணுவகையை (சமதானியை) விரும்பி எடுப்பதால், அவை ஆக்கிய பைரைற்று என்னும் இரும்புச் சல்பைட்டுக் கனியத்தில் அந்தச் சாய்வு பதிந்துவிடுகிறது. ஆனால் நமது நிலத்துக்கு இன்னும் பொருத்தமான சோதனை 1877 இல் பிரான்சில் நடந்தது. சுலோசிங், முன்ற்ஸ் என்ற இருவர் ஒரு நீண்ட கண்ணாடிக் குழாயில் மணலையும் சுண்ணாம்புக்கல் தூளையும் நிரப்பி, அதன் வழியே கழிவுநீரை மெல்ல வடியவிட்டார்கள். முதல் சில வாரங்கள் எந்த மாற்றமும் இல்லை. பிறகு உள்ளே போன அமோனியா வெளியே நைத்திரேற்றாக வரத் தொடங்கியது. வெறும் இரசாயனத் தாக்கமாயின் முதல் நாளே தொடங்கியிருக்க வேண்டும். குளோரபோம் ஆவியைச் செலுத்தியதும் நைத்திரேற்று நின்றது; ஆவியை நீக்கிச் சிறிது மண்ணின் சாற்றைச் சேர்த்ததும் மீண்டும் வந்தது. உயிருள்ள ஒன்றுதான் அந்த வேலையைச் செய்கிறது என்பது அத்துடன் உறுதியாயிற்று. அந்த உயிரிகளை வினோகிராட்ஸ்கி 1890 அளவில் பிரித்தெடுத்து வளர்த்தார்.

மேலே மண், கீழே சுண்ணாம்புக்கல், அதனூடாக வடியும் கழிவுநீரும் பசளை நீரும் என்ற அதே அமைப்பு வலிகாமம் முழுவதும் நிலத்தடியில் இருக்கிறது.

செம்பாட்டுத் தோட்டம் எழுதியது:

நான் வெங்காயமும் புகையிலையும் செய்கிறவன். எங்கள் பக்கத்துக் கிணறுகளில் நைத்திரேற்றுக் கூடியிருக்கிறது என்று ஆண்டாண்டாகச் சொல்கிறார்கள்; அதைக் கேட்டுப் பழகிவிட்டோம். ஆனால் நாங்கள் இடும் யூரியாவுக்கும் கீழே கிடக்கும் கல்லுக்கும் தொடர்பு இருக்கும் என்று நான் எண்ணியதில்லை. தம்பி சொல்வதைப் பார்த்தால் யூரியா கல்லையும் கரைக்கிறதா? அப்படியானால் மாட்டெருவுக்கு மாறினால் அது நின்றுவிடுமா?

கல்லும்நீரும் எழுதியது:

ஐயா, உங்கள் கேள்விதான் இந்த இழையின் மையம் என்று நினைக்கிறேன். அதனால் சற்று நீளமாகவே எழுதுகிறேன்.

தோட்டத்தில் இட்ட யூரியாவை மண்ணிலுள்ள பற்றீரியாக்கள் யூரியேசு என்ற நொதியத்தால் சில நாட்களிலேயே உடைத்து அமோனியமாக்குகின்றன. பிறகு வேறு இரு கூட்டங்கள் அதைக் கையேற்று, முதலில் நைத்திரைற்றாகவும் அடுத்து நைத்திரேற்றாகவும் ஒட்சியேற்றுகின்றன. இந்த ஒட்சியேற்றத்தில் ஐதரசன் அயன்கள் வெளியாகின்றன. அதாவது அமிலம் பிறக்கிறது. யூரியா உடையும்போது அமிலத்தின் ஒரு பகுதி செலவாகிவிடுவதால், கணக்கைக் கூட்டிக் கழித்துப் பார்த்தால் ஒவ்வொரு நைத்திரசன் அணுவுக்கும் ஓர் ஐதரசன் அயன் மிஞ்சும். பயிர் அந்த நைத்திரேற்றை உறிஞ்சிக்கொண்டால் வேர் அதற்கு ஈடாகக் காரத்தன்மையை வெளியிட்டு அமிலத்தைத் தணித்துவிடும். பயிருக்கு எட்டாமல் நைத்திரேற்று கீழே கசிந்துவிட்டால் அமிலத்தைத் தணிக்க எஞ்சியிருப்பது கல்தான். ஒரு கிலோ நைத்திரசன் அவ்வாறு கசிந்தால் அதற்காகக் குறைந்தது 3.5 கிலோ கல்சியம் காபனேற்று கரைய வேண்டும். அமோனியம் சல்பேற்று இட்டால் அமிலம் இதன் இருமடங்கு.

இதையே நீரின் பக்கமாகத் திருப்பிப் பாருங்கள். குடிநீரில் நைத்திரேற்று லீற்றருக்கு 50 மில்லிகிராமுக்கு மேற்படக் கூடாது என்பது உலக சுகாதார நிறுவனத்தின் வழிகாட்டல். அந்த 50 மில்லிகிராம் உருவானபோது பிறந்த அமிலம் மட்டுமே லீற்றருக்குக் குறைந்தது 40 மில்லிகிராம் வன்மையை (கல்சியம் காபனேற்றாகக் கணக்கிட்டால்) கூட்டியிருக்கும். நைத்திரேற்றுப் பிரச்சினை என்றும் வன்மைப் பிரச்சினை என்றும் கூட்டங்களில் தனித்தனியாகப் பேசப்படும் இரண்டுக்கும் ஒரு பகுதியேனும் ஒரே மூலம், ஒரே உயிரிகள்.

மாட்டெருவைப் பற்றிச் சொல்வதானால், அதிலுள்ள நைத்திரசனும் அமோனியமாகி அதே வழியில்தான் போகும். அணுக்கணக்கில் பெரிய வேறுபாடு இல்லை. அதன் நன்மை வேறு இடத்தில் இருக்கிறது. அது மெல்ல மெல்ல விடுவிக்கிறது. மண்ணில் சேதனப் பொருளைச் சேர்க்கிறது. ஆகவே பயிர் பிடித்துக்கொள்ள அவகாசம் கிடைக்கிறது. எந்தப் பசளையானாலும் பயிர் எடுக்கும் வேகத்துக்குப் பிரித்துப் பிரித்து இடுவதும், இட்டவுடன் அளவுக்கு மீறி நீர் பாய்ச்சாதிருப்பதும்தான் முக்கியம். மலகூடக் குழிகளையும் இங்கே மறக்க முடியாது. அவற்றிலிருந்து கசிவதும் அமோனியம்தான்; வெடிப்புகள் நிறைந்த கல்லில் அது கிணற்றை அடைய நெடுந்தூரம் போக வேண்டியதில்லை. சுண்ணாம்புக்கல் வடிகட்டிவிடும் என்ற நம்பிக்கை நம்மிடையே பரவலாக உண்டு. மணல் ஓரளவு வடிகட்டும். வெடிப்பும் குகையுமான கல் வடிகட்டுவதில்லை.

உருவான நைத்திரேற்றை மீண்டும் நைத்திரசன் வாயுவாக்கும் பற்றீரியாக்களும் இருக்கின்றன. ஆனால் அவற்றுக்கு ஒட்சிசன் இல்லாத இடமும் உண்ணச் சேதனப் பொருளும் தேவை. மெல்லிய செம்பாட்டு மண்ணில் சேதனப் பொருள் குறைவு, நீரும் காற்றோட்டத்தோடு விரைந்து இறங்கிவிடுகிறது. கசிந்த நைத்திரேற்று கிணற்றில் நிலைத்து நிற்பதற்கு இது ஒரு முக்கியமான காரணம்.

கண்டற்கரை எழுதியது:

நீங்கள் சொல்லும் அந்தப் பற்றீரியாக்களுக்கு ஏற்ற இடம் பரவைக்கடலின் கரையில் இருக்கிறது. கண்டல் மரங்களின் கீழுள்ள கருஞ்சேற்றைக் கிளறினால் அழுகிய முட்டையின் மணம் எழும். அது ஐதரசன் சல்பைட்டு. கடல்நீரின் சல்பேற்றைத் தாழ்த்தும் பற்றீரியாக்கள் அதை ஆக்குகின்றன. சேற்றிலுள்ள இரும்போடு சேர்ந்து அது முதலில் கரிய சல்பைட்டாகவும் காலப்போக்கில் பைரைற்றாகவும் படிகிறது. அதே சேற்றில் நைத்திரேற்றும் வாயுவாகி நீங்குகிறது.

இந்தச் சேறு நீருக்கடியில் இருக்கும் வரை தீங்கில்லை. வடித்துக் காயவிட்டால் பைரைற்று ஒட்சியேறிச் சல்பூரிக்கமிலம் உண்டாகும். மேலே குறிப்பிடப்பட்ட இரும்பு பற்றீரியாக்கள்தான் அங்கும் வேகத்தைக் கூட்டுகின்றன. மாத்தறையில் நில்வளா கங்கை வெள்ளத்தடுப்புத் திட்டத்தால் நிலத்தடி நீர்மட்டம் தாழ்ந்தபோது வயல்கள் அமிலமாகிக் கைவிடப்பட்டது இந்தக் காரணத்தால்தான். கண்டலை அழித்து இறால் குளம் வெட்ட வேண்டும் என்று பேசுகிறவர்கள் முதலில் அந்த வயல்களைப் போய்ப் பார்க்க வேண்டும். நமது பக்கத்துச் சேற்றில் சிப்பித்தூளும் சுண்ணாம்பும் கலந்திருக்கும் இடங்களில் அமிலம் ஓரளவு தணியும் என்பது உண்மை. ஆனால் அந்த ஆறுதலை நம்பி ஒரு கரையையே தோண்டிவிடக் கூடாது.

வன்னிக் குழாய்க்கிணறு எழுதியது:

இடையில் ஒரு சிறு கேள்வி. எங்கள் குழாய்க்கிணற்று நீரைத் தொட்டியில் விட்டால் செம்மஞ்சள் நிறச் சளிபோலப் படிகிறது. மேலே எண்ணெய் மிதப்பதுபோல வானவில் நிறத்தில் ஒரு படலமும் தெரிகிறது. எண்ணெய் கலந்துவிட்டதோ என்று வீட்டில் அஞ்சுகிறார்கள்.

கல்லும்நீரும் எழுதியது:

செம்மஞ்சள் சளியும் இருப்பதால் இரும்பு பற்றீரியாக்களாக இருக்க வாய்ப்பு அதிகம். ஒரு குச்சியால் படலத்தைக் கலைத்துப் பாருங்கள்: துண்டு துண்டாக உடைந்து அப்படியே நின்றால் அது இரும்புப் படலம், சுழன்று மீண்டும் ஒன்றுசேர்ந்தால் எண்ணெய். இது முதற்சோதனை மட்டுமே. எண்ணெய் என்ற ஐயம் சிறிதளவேனும் எஞ்சினால் ஆய்வுகூடத்தில் கொடுத்துப் பார்க்கும் வரை குடிக்க வேண்டாம்.

உரைகல் எழுதியது:

நைத்திரேற்றுக் கணக்கை ஏற்கிறேன். அப்படியானால் நிலாவரையை இதில் எங்கே வைப்பீர்கள்? மேலே நன்னீரும் கீழே உவர்நீருமாக இருக்கும் அந்த ஆழக் கிணற்றைக் குடைந்தது எது?

கல்லும்நீரும் எழுதியது:

சுண்ணாம்புக்கல்லால் ஏற்கனவே நிறைவுற்ற இரண்டு நீர்கள் கலக்கும்போது, கலவை மீண்டும் கல்லைக் கரைக்கும் திறனைப் பெறலாம்; இதை 1964 இல் பேக்லி விளக்கினார். அதற்கு உயிர் தேவையில்லை. ஆனால் நன்னீரும் உவர்நீரும் சந்திக்கும் அந்தத் தளத்தில், மேலிருந்து விழும் சருகும் தூசியும் அடர்த்தி வேறுபாட்டால் தங்கி நிற்கின்றன; அவற்றைச் சிதைக்கும் பற்றீரியாக்கள் காபனீரொட்சைட்டையும், ஒட்சிசன் தீர்ந்த பின் ஐதரசன் சல்பைட்டையும் அதே இடத்தில் சேர்க்கின்றன. மெக்சிக்கோவின் யுகற்றான் குடாநாட்டிலுள்ள சுண்ணாம்புக்கல் கிணறுகளில் அந்தத் தளம் மேகம்போலத் தெரிகிறது. ருமேனியாவில் 1986 இல் கண்டறியப்பட்ட மொவிலே குகையில் வெயிலே படாத உயிர்ச்சமூகம் ஒன்று இந்தச் சல்பைட்டை ஒட்சியேற்றியே வாழ்கிறது; அந்த அமிலம் குகைச்சுவரை இன்றும் அரிக்கிறது. நிலாவரையைப் பொறுத்தவரை கலப்பும் உயிரும் சேர்ந்தே இயங்கியிருக்கும் என்பது என் எண்ணம். அந்தத் தளத்து நீரை ஆழம் ஆழமாக எடுத்துப் பார்த்தால்தான் பங்கு பிரிக்க முடியும்.

கோட்டைமதில் எழுதியது:

கரைப்பதைப் பற்றியே பேசுகிறீர்கள், ஒட்டுவதும் உண்டு. பிரான்சின் துவார் நகரத் தேவாலயக் கோபுரத்தில் 1993 இல் சுண்ணாம்பைப் படியவைக்கும் பற்றீரியாக்களைத் தெளித்து, அரித்த கல்லின் மேல் மெல்லிய கல்சைற்றுத் தோலை உண்டாக்கினார்கள். யூரியாவை உடைக்கும் அதே வகை நொதியத்தைக் கொண்டு மணலை இறுக்கிக் கல்லாக்கும் முறையும் இருக்கிறது. ஒல்லாந்தர் 1658 இல் கைப்பற்றி விரித்துக் கட்டிய நமது கோட்டையின் முருகைக்கல் மதில்களுக்கு இது பொருந்துமா என்று ஆராயலாம். ஆனால் யூரியா வழி அமோனியாவை மிச்சம் விடும் என்பதால், உப்பு ஏறிய மதிலில் அதை நான் பரிந்துரைக்க மாட்டேன்.

புன்னாலை ஆசிரியை எழுதியது:

எல்லோருக்கும் நன்றி. எங்கள் பாடசாலையைச் சுற்றியுள்ள தோட்டக் கிணறுகளில் மாணவர்களைக் கொண்டு ஓர் ஆய்வைச் செய்ய விரும்புகிறேன். கரைந்த கல்லில் மூச்சின் பங்கு எவ்வளவு, நைத்திரேற்றாக்கத்தின் பங்கு எவ்வளவு என்று பிரித்தறிய என்னென்ன அளக்க வேண்டும்?

கல்லும்நீரும் எழுதியது:

கல்சியம், மகனீசியம், இருகாபனேற்று, நைத்திரேற்று, சல்பேற்று, குளோரைட்டு ஆகிய ஆறும் போதும். காபோனிக்கமிலம் மட்டும் கல்லைக் கரைத்திருந்தால், சமவலு அளவில் (அயன்களின் மின்னேற்றத்தைக் கணக்கில் எடுத்து) கல்சியமும் மகனீசியமும் சேர்ந்த தொகை இருகாபனேற்றுக்குச் சமமாக இருக்கும். நைத்திரிக்கமிலம் கரைத்திருந்தால் அந்தத் தொகை இருகாபனேற்றை விஞ்சும். விஞ்சிய அளவு நைத்திரேற்றோடு சேர்ந்து ஏறி இறங்கும். கடல்நீர்க் கலப்பு மகனீசியத்தையும் சல்பேற்றையும் கூட்டிக் கணக்கைக் குழப்பும் என்பதால், குளோரைட்டின் அளவைக் கொண்டு கடலின் பங்கை முதலில் கழித்துவிடுங்கள். கழித்த பின்னும் சல்பேற்று எஞ்சினால் அது பசளையிலிருந்து வந்திருக்கலாம். தோட்டக்காரரிடம் என்ன இட்டார் என்று கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள். மாரி மழைக்கு முன் ஒருமுறையும், மழை நன்றாக இறங்கிய பின் ஒருமுறையும், தோட்டக் கிணறுகளோடு பசளை இடப்படாத காணியிலுள்ள ஒரு கிணற்றிலும் எடுங்கள்.

போத்தலை விளிம்பு வரை நிரப்பி, காற்றுக்குமிழி இல்லாமல் மூடுங்கள். இல்லாவிட்டால் காபனீரொட்சைட்டு வெளியேறிச் சுண்ணாம்பு போத்தலின் சுவரிலேயே படிந்துவிடும். இருகாபனேற்றை அன்றைக்கே நியமித்து (அமிலத்தைச் சொட்டுச் சொட்டாகச் சேர்த்து அளந்து) விட வேண்டும். நைத்திரேற்றுக்கான போத்தலைத் தனியாகப் பனிக்கட்டிப் பெட்டியில் வைத்து மறுநாளைக்குள் ஆய்வுகூடத்தில் ஒப்படையுங்கள். வெயிலில் வைத்த போத்தலுக்குள்ளும் பற்றீரியாக்கள் வேலையை நிறுத்துவதில்லை, நீங்கள் அளக்க வந்த எண்ணையே அவை மாற்றிவிடும்.